பார்லி வயலில் ஒரு படகுத்துறை

கனடாவின் ஸ்காபரோவில் எந்தப் பிறந்தநாள் விழாவுக்குப் போனாலும் பக்கத்துக் கதிரையில் வந்து இருப்பவர் முதலில் கேட்பது, "உங்கட ஊர் எது?" என்பதுதான். யாழ்ப்பாணத்தில் நான் பிறந்த ஊரைச் சொல்வேன். அந்த ஊரில் இன்னாரைத் தெரியுமா, எந்தப் பள்ளிக்கூடத்தில் படித்தீர்கள் என்று பேச்சு வளரும். சோறு வரும்வரைக்கும் அது போதும்.

ஆனால் கேள்வி காதில் விழும் அந்தக் கணத்தில் என் மனதில் வருவது வேறு ஊர். ஆஸ்திரேலியாவில், விக்டோரியா மாநிலத்தின் வடமேற்கு மூலையில், மெல்பேர்ணிலிருந்து காரில் ஐந்து மணி நேரம் போக வேண்டிய ஒரு கோதுமை ஊர். ஒரு தெரு, ஒரு ரயில் பாதை, தானியம் கொட்டி வைக்கும் நான்கு சைலோக்கள், ஒரு தபால் கந்தோர். பதினொரு வருடம் அங்கே இருந்தோம். எங்களுக்குக் கிடைத்த விசாவில், நகரத்துக்கு வெளியே வேலை செய்ய வேண்டும் என்று ஒரு நிபந்தனை இருந்தது. என் கணவர் மெக்கானிக். அறுவடை இயந்திரங்கள் திருத்தும் ஒரு பட்டறையில் அவருக்கு வேலை கிடைத்தது. மகளுக்கு அப்போது பன்னிரண்டு வயது.

நாங்கள் அங்கே போன அந்த வருடமே எனக்கும் ஒரு வேலை வந்தது. பண்ணை வீடுகளுக்குக் கடிதம் கொண்டுபோகிறவர் முதுகு வலியால் ஒதுங்கிவிட்டார். தபால் கந்தோர்ப் பெண் என்னைக் கூப்பிட்டுக் கேட்டாள். என்னிடம் கார் இருந்தது, பார்க்க வேண்டிய பண்ணை எதுவும் இல்லை. வேறு தகுதி கேட்கவில்லை.

கிழமையில் மூன்று நாள். காலையில் கடிதங்களை வரிசைப்படுத்திக்கொண்டு கிளம்பினால் திரும்பப் பின்னேரம் இரண்டு மணியாகும். முப்பத்துநான்கு பெட்டிகள். ஒன்று பழைய பால் கேன், இன்னொன்று கதவு தளர்ந்த மைக்ரோவேவ். ஒருவர் எண்ணெய்ப் பீப்பாவைப் படுக்க வைத்து அதற்குப் பன்றியின் முகம் வரைந்திருந்தார். அங்கே கார் ஓட்டுகிறவருக்கு இருக்கை வலப்பக்கம்; பெட்டிகளோ தெருவின் இடப்பக்கம். வாகனங்கள் வரும் திசைக்கு எதிராக ஓட்டினால்தான் ஜன்னலால் கை எட்டும். முதல் மாதத்தில் வேலிக் கம்பங்களில் இடித்துப் பக்கக் கண்ணாடியை இரண்டு முறை உடைத்தேன்.

முதலில் அந்த நிலம் தட்டை என்றுதான் நினைத்தேன். கடிதம் கொண்டு போகத் தொடங்கிய பிறகுதான் அதன் உடம்பு தெரிந்தது. கிழக்கு மேற்காக நீளும் மணல் மேடுகள், அவற்றுக்கு இடையில் சாம்பல் நிறக் களிமண். மழைக்கு மேட்டில் கார் ஓடும், பள்ளத்தில் புதையும். தெரு ஓரங்களில் மட்டும் மாலி மரங்கள் மிச்சம் நின்றன. அது யூகலிப்டஸில் ஒரு வகை. ஒரே கிழங்கிலிருந்து ஏழெட்டுத் தண்டுகள் கிளம்பும். ஒரு காலத்தில் அந்தப் பகுதி முழுவதும் அந்தக் காடுதான். அதைக் கனமான இரும்பு உருளை இழுத்துச் சாய்த்து, எரித்து, கிழங்குகளைத் தோண்டி எடுத்துவிட்டுத்தான் கோதுமை விதைத்தார்கள். நாங்கள் போன காலத்திலும் குளிருக்கு அடுப்பில் வைத்தது அந்தக் கிழங்குகளைத்தான். ஒரு கிழங்கு போட்டால் விடியும்வரை கனலும்.

தெருக்களுக்கெல்லாம் குடும்பப் பெயர்கள். அந்தப் பெயர்களில் பாதிக்கு நான் ஒரு கடிதம்கூடக் கொடுத்ததில்லை. முதலாம் உலக யுத்தத்திலிருந்து திரும்பிய சிப்பாய்களுக்குத் துண்டு துண்டாகக் காணி வெட்டிக் கொடுத்தார்களாம். துண்டு சிறியது, மழை பொய்த்தது, மணல் எழும்பி வேலியை மூடியது. ஒவ்வொரு குடும்பமாகக் கிளம்பிப் போய்விட்டது. வயலுக்கு நடுவில் ஒரு புகைபோக்கியும் ஒரு தண்ணீர்த் தொட்டியும் நின்றால் அங்கே ஒரு வீடு இருந்தது என்று அர்த்தம். சில இடங்களில் சமையல்கட்டு வாசலில் யாரோ நட்ட ரோஜா இன்னும் பூத்துக்கொண்டிருந்தது.

வேலை தொடங்கி இரண்டாம் மாதம் என்று நினைக்கிறேன், "செயலாளர், படகுக் கழகம்" என்று முகவரி எழுதி ஒரு கடிதம் வந்தது. கீழே எங்கள் ஊரின் பெயர். எனக்குச் சிரிப்பு வந்தது. ஊரில் ஆறில்லை, குளமில்லை. குடிக்கிற தண்ணீரே தெற்கே மலைகளிலிருந்து நிலத்தடிக் குழாயில் வந்தது. தபால் கந்தோர்ப் பெண் அன்று லீவு. "இப்படியொரு முகவரி இல்லை" என்று எழுதி அனுப்பியவருக்கே திருப்பிவிட்டேன். அடுத்த கிழமை இன்னொன்று வந்தது. அதையும் திருப்பினேன்.

மூன்றாவது கிழமை, கடைசிப் பெட்டியருகில் ஒரு பெண் காத்துக்கொண்டு நின்றார். அறுபது வயதிருக்கும். உயரம், வெயிலில் சிவந்த கழுத்து, ஆண்கள் போடுகிற சப்பாத்து. கணவர் இறந்த பிறகு தனியாகப் பண்ணை செய்கிறவர் என்று கேள்விப்பட்டிருந்தேன். அவர் ஆங்கிலத்தில் சொன்னவை என் வாய்த் தமிழில்தான் எனக்கு ஞாபகம் இருக்கின்றன. அப்படியே எழுதுகிறேன்.

"என்ர கடிதங்களைத் திருப்பி அனுப்பினது நீரோ?"

"எந்தக் கடிதம்?"

"படகுக் கழகத்துக்கு வந்தது. நான்தான் செயலாளர்."

"இஞ்ச தண்ணி இல்லையே" என்றேன்.

அவர் காரைச் சுற்றி வந்தார். பிறகு மறுபக்கக் கதவைத் திறந்து, இருக்கையில் கிடந்த கடிதக் கட்டை மடியில் வைத்துக்கொண்டு ஏறி இருந்தார். "நேர போம்" என்றார்.

அவருடைய வீட்டைத் தாண்டி, ஒரு மணல் மேட்டில் ஏறி இறங்கினோம். கண்ணுக்கு எட்டியவரை அறுத்த பார்லியின் தாள். கரையோரமாகச் செத்த பெரிய மரங்கள். வயலுக்கு நடுவே, நிலத்திலிருந்து என் நெஞ்சளவு உயரத்தில், கட்டைகளின் மேல் ஒரு நீண்ட பலகைப் பாதை போய் நடுவழியில் முடிந்தது. படகுத்துறை. அதன் கீழ் இரண்டு செம்மறியாடுகள் நிழலுக்குப் படுத்திருந்தன.

"இதுதான் ஏரி. நீர் நிக்கிற இடத்திலை நான் நீந்தப் பழகினனான்" என்றார்.

கரையில் ஒரு தகரக் கொட்டகை இருந்தது. உள்ளே ஒரு மரப்பலகையில் வருடாவருடம் படகுப் போட்டியில் வென்றவர்களின் பெயர்களைத் தங்க எழுத்தில் எழுதியிருந்தார்கள். அவர் பெயர் மூன்று இடத்தில் இருந்தது, கணவர் பெயர் ஒரு இடத்தில். "அந்த வருசம் நான் வேணுமெண்டு விட்டுக்குடுத்தனான். பிறகு அவரைக் கலியாணம் முடிச்சன்." கடைசிப் பெயருக்குக் கீழே பலகை வெறுமையாக இருந்தது.

அந்த நாட்டில் ஓர் ஆறு தெற்கே மலையில் பிறந்து, கடலுக்குப் போகாமல் வடக்கே உள்நாட்டுக்குள் வருகிறது. வழியில் ஓர் ஏரியை நிரப்பி, அது வழிந்தால் அடுத்ததை நிரப்பும். எங்களுடையது கடைசி. மேலே உள்ளவை நிரம்பி வழிந்தால்தான் இங்கே ஒரு சொட்டாவது வரும். அடுத்தடுத்து நல்ல மழை வருடங்கள் வேண்டும். அவர் இளம் பெண்ணாக இருந்தபோது வந்த தண்ணீர்தான் கடைசி.

"இனி வருமோ?" என்று கேட்டேன்.

"வரும்" என்றார். மழை வருமா என்று பக்கத்து வீட்டுக்காரரிடம் கேட்டால் சொல்வதுபோல் சாதாரணமாகச் சொன்னார்.

அதன்பிறகு கடிதம் கொண்டுபோகும் மூன்று நாளும் கடைசிப் பெட்டியில் எனக்குத் தேத்தண்ணீர் இருந்தது. அவர் வாயாலும் அவருடைய பண்ணை ட்றக்கில் சுற்றியதாலும்தான் அந்த ஊரின் கதை எனக்குத் தெரியும். சிப்பாய்களுக்கு முன் செம்மறி மேய்த்த பெரிய பண்ணைகள், பயிரை மொட்டையடித்த முயல்கள், ரயில் வந்த நாளில் பள்ளிக்கூடத்துக்கு விட்ட லீவு, தண்ணீர் வந்த திறந்த வாய்க்கால்களை மூடிக் குழாய் போட்டபோது காணாமல்போன தாரா வாத்துகள். இதையெல்லாம் வரிசையாகச் சொல்லமாட்டார். ஒரு வேலிக் கம்பத்தைக் கண்டால் அதன் கதை வரும்.

ஒருநாள் ஏரியின் வடகரைக்குக் கூட்டிக்கொண்டு போனார். அந்தப் பக்கம் அவர் உழுவதில்லை. மணலில் கரிபிடித்த களிமண் கட்டிகளும் சிப்பி ஓடுகளும் கிடந்தன. அடுப்புகள். ஆதிக்குடிகள் ஏரியில் தண்ணீர் நின்ற காலங்களில் வந்து தங்கிச் சமைத்த இடம்.

"என்ர பாட்டனார் இஞ்ச வரேக்கை ஒரு சனமும் இல்லையெண்டுதான் எங்களுக்குச் சொல்லித் தந்தவை" என்றார். "எனக்குப் பன்னிரண்டு வயசிலை இந்த அடுப்பைக் கண்டன். வீட்டிலை போய்ச் சொன்னன். ஒருத்தரும் பதில் சொல்லேல்லை."

நான் குனிந்து ஒரு கரிக்கட்டியைத் தொட்டுப் பார்த்தேன். யாழ்ப்பாணத்தில் நாங்கள் விட்டுவந்த வீட்டின் குசினி நினைவுக்கு வந்தது. அதன் மேல் இப்போது யார் நடக்கிறார்களோ. ஏரியின் பெயர் அந்த மக்களின் சொல். அதன் பொருள் ஊரில் எவருக்கும் நிச்சயமாகத் தெரியாது.

படகுக் கழகம் வருடத்துக்கு ஒருமுறை கொட்டகையில் கூடும். ஏழு பேர். அவர் அறிக்கை வாசிப்பார்: "தண்ணீர் மட்டம், இல்லை. போட்டிகள், இல்லை." பிறகு ஆட்டிறைச்சி வாட்டிச் சாப்பிடுவார்கள். மூன்றாம் வருடம் என்னை எட்டாவது உறுப்பினராகச் சேர்த்தார்கள். எனக்கு நீந்தத் தெரியாது என்றேன். இப்போதைக்கு அது தடையில்லை என்று ஒரு கிழவர் சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அந்த ஊரில் நான் ஒட்டிக்கொண்டது அந்தப் பின்னேரத்தில்தான் என்று இப்போது தோன்றுகிறது.

கணவர் ஒட்டவில்லை. அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன். நல்ல வேலைக்காரர், எல்லோருக்கும் பிடிக்கும். ஆனால் பின்னேரம் வீட்டுக்கு வந்தால் தொலைபேசியில் ஸ்காபரோவில் இருக்கும் தமையனோடு ஒரு மணி நேரம் கதைப்பார். மகள் மெல்பேர்ணில் படித்து முடித்து, ரொறன்ரோவில் வளர்ந்த ஒரு பெடியனைக் கட்டிக்கொண்டு போனதும் அவர் கேட்டுவிட்டார்.

"நாங்களும் போவமே?"

"இஞ்ச என்ன குறை?"

"குறை ஒண்டுமில்லை. கதைக்க ஆர் இருக்கினம் எனக்கு? மெசினோட எவ்வளவு நாளைக்குக் கதைக்கிறது? நீர் ஊரெல்லாம் சுத்தி வாறீர். நான் அந்தக் கொட்டிலுக்கை நிக்கிறன்."

அவர் அப்படிக் கேட்டது பதினொரு வருடத்தில் அதுதான் முதல் தடவை. ஓம் என்றேன். கடைசி நாள் முப்பத்துமூன்று பெட்டிகளில் ஒரு துண்டு எழுதிப் போட்டேன். கடைசிப் பெட்டியில் போடவில்லை. செயலாளரின் வீட்டுக்குள் போய் நேரே சொன்னேன். அவர் கட்டிப்பிடிக்கிற ஆள் இல்லை. ட்றக்கின் பின்னாலிருந்து ஒரு பை மாலிக் கிழங்கு எடுத்துத் தந்தார். கனடாவுக்கு மரம் கொண்டுபோக விடமாட்டார்கள் என்று சொல்ல மனம் வராமல் வாங்கிக்கொண்டேன்.

ஸ்காபரோவில் எங்களுக்குப் பதினோராம் மாடி. கீழே பிளாசாவில் மரக்கறி, மீன், தமிழ்ப் பல் வைத்தியர், நகைக்கடை. கணவர் ஒரு மாதத்தில் பத்து வயது இளமையானார். எனக்குத்தான் கை சொல்வழி கேட்கவில்லை. எங்கள் கோதுமை ஊரில் எதிரே கார் வந்தால் ஸ்ரேறிங்கிலிருந்து ஒரு விரலைத் தூக்க வேண்டும். அதுதான் வணக்கம். இங்கே மார்க்கம் ரோட்டில் வந்த முதல் கிழமை நான் விரல் தூக்கிக்கொண்டே போனேன்.

"விரலை மடக்கும்" என்றார் கணவர். "ஆரும் பிழையா விளங்கிப்போடுவினம்."

தெளிந்த நாளில் குசினி ஜன்னலால் ஒன்ராறியோ ஏரி ஒரு நீலக் கோடாகத் தெரியும். கடல் போன்ற ஏரி. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு நினைவில் வந்தது பார்லித் தாளும் அந்த இரண்டு ஆடுகளும். வெயிலில் காய்ந்த மண்ணில் முதல் மழை விழும்போது எழும் மணம், அறுவடைக் காலத்தில் சைலோவுக்கு வரிசையில் நிற்கும் லொறிகள், ஒரு சத்தமும் இல்லாத மத்தியானத் தெரு. இதை யாரிடம் சொல்வது? ஊரை நினைத்து ஏங்குகிறேன் என்றால் எல்லோருக்கும் விளங்கும். எந்த ஊர் என்று சொன்னால் முகம் மாறும். ஒருமுறை ஒரு அன்ரியிடம் சொன்னேன். "அங்க எங்கட ஆக்கள் எத்தினை குடும்பம்?" என்று கேட்டார். நாங்கள் மட்டும்தான் என்றேன். "பாவம்" என்றார்.

வந்து நான்காம் வருடம், இலையுதிர் காலத்தில் ஒரு பின்னேரம் ஐந்து மணிக்குத் தொலைபேசி அடித்தது. அங்கே அடுத்த நாள் காலை எட்டு மணி.

"மேலை இருக்கிற ஏரி வழியுது" என்றார் செயலாளர். வணக்கம்கூடச் சொல்லவில்லை.

அதன்பிறகு கிழமைக்கு இரண்டு முறை தொலைபேசி எடுத்தார். தண்ணீர் ஓடைக்குள் இறங்கிவிட்டது. ரயில் பாலத்துக்குக் கீழே வந்துவிட்டது. தெருவைக் கடந்துவிட்டது. மனிதன் நடக்கிற வேகத்திலும் மெதுவாக, முன்னால் காய்ந்த இலைகளையும் சிலந்திகளையும் தள்ளிக்கொண்டு வருகிறதாம். அவர் மடக்குக் கதிரையோடு போய் அதன் முன்னால் இருந்து, நனைய நனையக் கதிரையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாராம். ஒருநாள் தொலைபேசியை ஏரிப் பக்கம் நீட்டிப் பிடித்தார். தவளைகள். நாற்பது வருடம் அந்த மண்ணுக்குள் எங்கே கிடந்தனவோ.

"வாரும்" என்றார். "நீர் உறுப்பினர்."

மகளிடம் சொன்னேன். "அம்மா, ஒரு லேக் பாக்க அவ்வளவு தூரமோ? சீரியஸாவோ?" என்றாள். அவளுக்கும் அந்த ஊர்தான் ஊர், ஆனால் அவள் அங்கே பஸ்ஸுக்குக் காத்திருந்ததைத்தான் ஞாபகம் வைத்திருக்கிறாள். கணவர் கேட்டுக்கொண்டிருந்தார். இரண்டு நாள் கழித்து, "போட்டு வாரும். பேரப்பிள்ளையை நான் டேகெயாரிலை இருந்து கூட்டிக்கொண்டு வாறன்" என்றார்.

ஜனவரி கடைசியில் போனேன். மெல்பேர்ணில் கார் எடுத்துக்கொண்டு ஓட்டினேன். சைலோக்கள் தொலைவில் தெரிந்தபோது என் விரல் ஸ்ரேறிங்கிலிருந்து தானாகவே எழுந்தது. தெருவில் நான் ஒருபோதும் காணாத அளவு கார்கள். மெல்பேர்ண் ஆட்கள் படகுகளை இழுத்துக்கொண்டு வந்திருந்தார்கள். பூட்டிக் கிடந்த பேக்கரியைத் திறந்திருந்தார்கள். செயலாளருடைய வீட்டுக்குப் போகும் தெரு பாதியில் தண்ணீருக்குள் இறங்கியது. நான் வருடக்கணக்காகக் கடிதம் போட்ட இரண்டு பெட்டிகள் கழுத்தளவு தண்ணீரில் நின்றன. சுற்றிப் போனேன்.

மணல் மேட்டில் ஏறியதும் ஏரி. அவ்வளவு வெளிச்சமான தண்ணீரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. பெலிக்கன்கள் கூட்டமாக மிதந்தன. செத்த மரங்கள் தங்கள் நிழலோடு நின்றன. படகுத்துறை நிலமட்டத்துக்கு வந்ததுபோலத் தண்ணீரின் மேல் கிடந்தது. அதன் நுனியிலிருந்து அவர், எழுபது தாண்டியவர், நீச்சல் உடையோடு தண்ணீரில் குதித்தார்.

நான் அவர் வீட்டில் மூன்று நாள் நின்றேன். அவர் மகிழ்ச்சியாக இருந்தார், ஓய்வில்லாமல் இருந்தார். புதிய உறுப்பினர்கள், அனுமதிக் கடிதங்கள், போட்டி நாள். பலகையில் தங்க எழுத்து எழுத ஆள் தேடிக்கொண்டிருந்தார். என்னையும் முழங்கால் அளவு தண்ணீரில் இறக்கிவிட்டார். தேத்தண்ணீருக்கு இருந்தால் யாராவது கதவைத் தட்டினார்கள். ஒரு பின்னேரம் நான் தனியாக வடகரைக்கு நடந்தேன். அடுப்புகள் இருந்த இடத்தில் தண்ணீர் அலையடித்தது. அங்கே நின்றபோதுதான் எனக்கு விளங்கியது. நான் ஏங்கிக்கொண்டிருந்தது இந்த ஏரிக்காக இல்லை. தண்ணீர் இல்லாத அந்த ஏரிக்காக. பக்கத்து இருக்கையில் கடிதக் கட்டை மடியில் வைத்துக்கொண்டு, வரும் வரும் என்று சொல்லிக்கொண்டிருந்த ஒருவருக்காக. அவருக்கு அது வந்துவிட்டது. எனக்கு உண்மையாகவே சந்தோசம். ஆனாலும் அழுகை வந்தது.

கிளம்புகிற அன்று அவரிடம் அதைச் சொன்னேன். மறைக்கத் தெரியவில்லை.

அவர் கோபிக்கவில்லை. "ரெண்டு மூண்டு வருசத்திலை திரும்பக் காஞ்சுபோகும்" என்றார். "அப்ப வாரும். அப்ப எனக்கு நேரமிருக்கும்."

இப்போது அவர் பண்ணையைப் பக்கத்துப் பண்ணைக்காரருக்கு விட்டுவிட்டு, அதே மேட்டில் வீட்டை மட்டும் வைத்துக்கொண்டிருக்கிறார். முழங்கால் சத்திரசிகிச்சைக்குக் காத்திருக்கிறார். மாதத்துக்கு ஒருமுறை கதைப்போம். இந்த ஜூலையில் அப்படிக் கதைத்துவிட்டு நான் குசினியில் சும்மா நின்றதைக் கணவர் பார்த்திருக்க வேண்டும். "வாரும், ஒரு சுத்துப் போட்டு வருவம்" என்றார்.

மார்க்கம் நகரத்தைத் தாண்டி வடக்கே போனோம். புது வீடுகள் முடிந்து வயல்கள் தொடங்கின. ஒரு கோதுமை வயலோரம் அவர் காரை நிறுத்தினார். இறங்கி, கதிர் ஒன்றை ஒடித்து, உள்ளங்கைகளுக்கு இடையில் தேய்த்து, உமியை ஊதிவிட்டு, மணியைப் பல்லுக்கு நடுவே வைத்துக் கடித்தார்.

"இன்னும் ஒரு கிழமை நிக்கோணும்" என்றார்.

இவருக்கு இது தெரியுமென்று எனக்குத் தெரியாது. பட்டறைக்கு வருகிற எல்லாக் கமக்காரரும் அப்படித்தான் கடித்துப் பார்ப்பார்களாம், அவர்களோடு நின்று பழகியதாம். "காலமையிலை வந்து நிண்டுகொண்டு மழையைப் பற்றியே கதைப்பாங்கள்" என்றார். "அப்ப எனக்குப் பைத்தியம் பிடிக்கும்." கைகளைத் தட்டிக்கொண்டு, "நல்ல பெடியள்" என்றார்.

அப்போது ஒரு ட்றக் வந்து பக்கத்தில் நின்றது. வயலின் சொந்தக்காரர். காரில் ஏதும் கோளாறா என்று கேட்டார். இல்லை, கோதுமையைப் பார்த்தோம் என்றார் கணவர். அறுவடைக்கு என்ன ஹெடர் வைத்திருக்கிறீர்கள் என்றும் கேட்டார். அந்த மனிதருக்கு விளங்கவில்லை. ஆஸ்திரேலியாவில் அறுவடை இயந்திரத்துக்கு ஹெடர் என்றுதான் பெயர், இங்கே கொம்பைன் என்கிறார்கள். கைகளால் காட்டி விளங்கப்படுத்தியதும் அவர் சிரித்து, தன்னுடையதில் ஒரு பெல்ற் அடிக்கடி அறுகிறது என்று சொல்லத் தொடங்கினார். கணவர் அவருடைய ட்றக்கின் கதவில் சாய்ந்துகொண்டு, எந்தப் பக்கம் அறுகிறது என்று விசாரித்தார்.

நான் காரில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அரை மணி நேரத்துக்கு மேலாயிற்று. பேரப்பிள்ளையைக் கூட்டிவர நேரமாகிறது என்று ஹோர்ன் அடிக்க நினைத்து, அடிக்கவில்லை. மகளுக்கு ஒரு செய்தி அனுப்பினேன், இன்றைக்குப் பிள்ளையை நீயே கூட்டிக்கொண்டு போ என்று.